மீன்மாவு ஆலை: இசைவாணை ரத்தும் மூடல் உத்தரவும் ஒன்றாக வந்தால் மேல்முறையீடு எங்கே?

கச்சான்காத்து (கேள்வி)

உச்சிப்புளி பக்கம் கடலோரமாக உள்ள ஒரு சின்ன மீன்மாவு ஆலை விஷயமாகக் கேட்கிறேன். நாளைக்கு 20 டன் பச்சை மீன் வாங்கும் அளவு. முக்கால்வாசி சங்காயம் (சாப்பாட்டுக்கு விலைபோகாத கழிவு மீன்), வரத்து இருந்தால் சாளை. சுத்திகரித்த தண்ணீர் பின்னால் உள்ள தென்னந்தோப்புக்குப் போகிறது. ஆலையோடு சேர்ந்தே ஒரு சிறிய குளிர்பதனக் கிடங்கும் இருக்கிறது, அமோனியா பிளாண்ட்.

மாசு கட்டுப்பாட்டு வாரியத்திலிருந்து ஒரே வாரத்தில் மூன்று தாள் வந்துள்ளன. முதல் தாள், நீர்ச் சட்டம் 27, காற்றுச் சட்டம் 21 பிரிவுகளின்படி இயக்க இசைவாணை (ஆலையை ஓட்ட வாரியம் தரும் அனுமதி) ரத்து. இரண்டாவது, நீர்ச் சட்டம் 33ஏ, காற்றுச் சட்டம் 31ஏ பிரிவுகளின்படி மூடல், மின் துண்டிப்பு. மூன்றாவது, சுற்றுச்சூழல் இழப்பீடு கட்டச் சொல்லி. காரணமாகச் சொல்லியிருப்பவை: வெளியேறும் நீரில் பிஓடி (கழிவைச் சிதைக்க நுண்ணுயிர்களுக்குத் தேவைப்படும் ஆக்சிஜன்) 180, டிடிஎஸ் (கரைந்த உப்புகள்) 6,400, இரண்டும் லிட்டருக்கு மில்லிகிராமில், துர்நாற்றப் புகார், சர்வே எண் கடலோர ஒழுங்குமுறை மண்டலத்துக்குள் வருகிறது என்பது.

உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ரிட் போடுவதா, சென்னையில் பசுமைத் தீர்ப்பாயமா, மேல்முறையீட்டு ஆணையமா? ஒரே மனுவில் மூன்றையும் கேட்க முடியுமா? கிடங்கில் சரக்கு இருக்கும்போது கரண்டை எப்படிக் காப்பாற்றுவது?

மேலமடை வக்கீல்

ஒரே மனுவில் கேட்க முடியாது. உத்தரவில் எந்தப் பிரிவு எழுதியிருக்கிறதோ அதுதான் வாசலைத் தீர்மானிக்கிறது. பலர் தடுக்கி விழுவது இந்த இடத்தில்தான், பெரிய கம்பெனி உட்பட.

முதல் தாளிலேயே இரண்டு சட்டம் இருக்கிறது. நீர்ச் சட்டம் 25, 26, 27 பிரிவுகளில் வாரியம் போடும் உத்தரவுக்கு 28ஆவது பிரிவின்படி சென்னையில் உள்ள மேல்முறையீட்டு ஆணையம். காற்றுச் சட்டத்தில் ரத்துக்கு 31ஆவது பிரிவு, அதுவும் அதே ஆணையம்தான். இரண்டுக்கும் தனித்தனி மேல்முறையீடு, தனித்தனிக் கட்டணம். கையில் கிடைத்த நாளிலிருந்து 30 நாள். தாமதத்துக்குப் போதிய காரணம் காட்டினால் ஆணையம் ஏற்கலாம், ஆனால் அதை நம்பி இருக்காதீர்கள்.

இரண்டாவது தாள் அப்படி இல்லை. நீர்ச் சட்டம் 33ஏ வழிகாட்டுதலுக்கு 33பி பிரிவின்படி நேராகப் பசுமைத் தீர்ப்பாயம், தென் மண்டல அமர்வு. காற்றுச் சட்டம் 31ஏ வழிகாட்டுதலை அங்கே நேராகக் கொண்டுபோக முடியாது. பசுமைத் தீர்ப்பாயச் சட்டம் 16ஆவது பிரிவில் காற்றுச் சட்டத்தைப் பொறுத்தவரை மேல்முறையீட்டு ஆணையத்தின் உத்தரவு மட்டும்தான் இருக்கிறது. ஆகவே 31ஏ-க்கும் முதலில் ஆணையம். ஒரே தாளில் 33ஏ, 31ஏ இரண்டும் இருந்தால் ஒரே தாளை இரண்டு இடத்தில் எதிர்க்க வேண்டிவரும். அபத்தமாகத்தான் இருக்கிறது, ஆனால் சட்டம் அப்படி.

தூத்துக்குடி ஸ்டெர்லைட் வழக்கில் நடந்ததைப் பார்த்தால் புரியும். 2018 ஏப்ரல் 9 அன்று வாரியம் இசைவாணையைப் புதுப்பிக்க மறுத்தது. மே 28 அன்று அரசு நீர்ச் சட்டம் 18இன் கீழ் ஆலையை மூட உத்தரவிட்டது. நிறுவனம் தீர்ப்பாயத்துக்குப் போய் டிசம்பர் 15 அன்று சாதகமாக உத்தரவு வாங்கியது. 2019 பிப்ரவரி 18 அன்று உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. ஆலை நல்லதா கெட்டதா என்ற கேள்விக்கே போகவில்லை. தீர்ப்பாயத்துக்கு அந்த மனுவை விசாரிக்கும் அதிகாரமே இல்லை என்றது. உயர் நீதிமன்றம் போகலாம் என்று வழிவிட்டது. 2020 ஆகஸ்டில் உயர் நீதிமன்றத்தில் தள்ளுபடி, 2024 பிப்ரவரி 29 அன்று உச்ச நீதிமன்றத்திலும் தள்ளுபடி. பெரிய வக்கீல் படையே தவறான வாசலில் போய் நின்றது.

தீர்ப்பாயத்தில் கெடு இன்னும் இறுக்கம். 30 நாள், காரணம் காட்டினால் மேலும் 60 நாள். 91ஆவது நாள் போய் நின்றால் மன்னிக்கும் அதிகாரமே அவர்களுக்குக் கிடையாது. தபால் உறையைத் தூக்கிப் போடாதீர்கள். இணையதளத்தில் உத்தரவு ஏறிய தேதியும் பதிவுத் தபால் வந்த தேதியும் வேறாக இருந்தால், முந்தையதை வைத்து நாளை எண்ணுங்கள். பிந்தைய தேதி என்று வாதாடலாம், ஆனால் அந்த வாதத்துக்கு வேலை வராமல் பார்ப்பதே நல்லது.

மதுரைக் கிளை? ராமநாதபுரம் அந்த எல்லைக்குள் வருகிறது. ரிட் அதிகாரம் தரும் அரசியலமைப்புச் சட்டம் 226ஐ யாரும் பறிக்க முடியாது. பசுமைத் தீர்ப்பாயச் சட்டம் வந்ததால் உயர் நீதிமன்ற அதிகாரம் போய்விடவில்லை என்று உச்ச நீதிமன்றம் 2022 மே மாதம் சொல்லியிருக்கிறது. ஆனால் மாற்று வழி இருக்கும்போது நீதிமன்றம் அங்கேயே போகச் சொல்லும். அதைத் தாண்டி ரிட்டை எடுத்துக்கொள்ளும் இடங்கள், 1998இல் உச்ச நீதிமன்றத்தின் வேர்ல்பூல் தீர்ப்பு சொன்னபடி, இயற்கை நீதி மீறல், அதிகாரமின்மை, அடிப்படை உரிமை, சட்டத்தின் செல்லுபடி. உங்களுக்குப் பொருந்தக்கூடியது முதலாவது. காற்றுச் சட்டம் 21(4) நிபந்தனையிலேயே இருக்கிறது: இசைவாணையை ரத்து செய்யும் முன் விளக்கம் சொல்ல நியாயமான வாய்ப்புத் தர வேண்டும். விளக்கம் கேட்டு நோட்டீஸ் வந்ததா? வந்திருந்தால் எத்தனை நாள் கொடுத்தார்கள்? கொடுத்த பதிலைப் பற்றி உத்தரவில் ஒரு வரியாவது இருக்கிறதா? இதற்குப் பதில் சொல்லாமல் ரிட் பற்றிப் பேச முடியாது.

கச்சான்காத்து

நோட்டீஸ் வந்தது, 15 நாள் கெடு. பதில் கொடுக்கப்பட்டது. உத்தரவில் "பதில் திருப்திகரமாக இல்லை" என்று ஒரே வரி. ஆய்வக அறிக்கை நகல் நோட்டீஸோடு வரவில்லை, உத்தரவோடுதான் வந்தது.

மேலமடை வக்கீல்

அப்படியானால் உங்கள் முதல் காரணம் அந்த ஆய்வக அறிக்கை. எதன்மேல் முடிவெடுத்தார்களோ அதைக் காட்டாமல் விளக்கம் கேட்டிருக்கிறார்கள். இரண்டாவது காரணம், காரணம் சொல்லாத ஒரு வரி. ஆனால் இதை நம்பி ரிட்டில் ஜெயித்தால் கிடைப்பது பெரும்பாலும் "மறுபடி விசாரித்து உத்தரவு போடு" என்பதுதான். ஆலை திறக்காது. ஆறு வாரம் கழித்து அதே முடிவு, இந்த முறை பத்துப் பக்கக் காரணத்தோடு வரும். உள்ளே தண்ணீரும் காற்றும் சரியாகாமல் நோட்டீஸ் ஓட்டையை மட்டும் பிடித்துத் தொங்குவது வீண் செலவு. ஆணையத்தில் மேல்முறையீடு, அதனுடன் இடைக்கால மனு என்று போவதே என் தேர்வு.

மேல்முறையீடு போட்டதும் தானாகத் தடை வந்துவிடாது, தனியாகக் கேட்க வேண்டும். கேட்கும்போது "உத்தரவை நிறுத்தி வையுங்கள்" என்று மொத்தமாக மட்டும் கேட்காமல் படிப்படியாகக் கேளுங்கள். குளிர்பதனக் கிடங்குக்கு மட்டும் மின்சாரம். சுத்திகரிப்பு நிலையத்துக்கு மின்சாரம். வாரிய அலுவலர் முன்னிலையில் சில வாரம் சோதனை ஓட்டம். மூன்றாவதைத் தர யோசிப்பவர்கள் முதல் இரண்டைத் தருவார்கள். அமோனியா இருக்கும் இடத்தில் கரண்ட் இல்லாமல் அழுத்தம் ஏறினால் அது தொழிலாளர் பாதுகாப்புப் பிரச்சினை, அதையும் ஒரு பத்தியில் எழுதுங்கள். தடை கிடைத்தாலும் மின்வாரியம் உங்கள் நகலைப் பார்த்து இணைப்பைக் கொடுக்காது. மாசு கட்டுப்பாட்டு வாரியம் அவர்களுக்குக் கடிதம் எழுத வேண்டும். உத்தரவு வாங்கும்போதே "மின் பகிர்மான அலுவலருக்கு வாரியம் தெரிவிக்க வேண்டும்" என்ற வரி இருக்கிறதா என்று பாருங்கள்.

ஈடிபி ஆபரேட்டர்

வக்கீல் சார் சொன்ன சுத்திகரிப்பு நிலைய மின்சாரம்தான் நிஜமாக அவசரம். ஏரேஷன் தொட்டியில் காற்று நின்று சில நாள் போனால் பாக்டீரியா செத்துக் கறுத்துவிடும். மறுபடி எம்எல்எஸ்எஸ் (தொட்டியில் மிதக்கும் பாக்டீரியாச் சேற்றின் அளவு) 3,000-க்கு மேல் வளர வாரக்கணக்கில் ஆகும். அதற்குள் சோதனை ஓட்டம் கொடுத்தால் கண்டிப்பாக ஃபெயில். ஜெனரேட்டர் போட்டாவது புளோயர் ஓடட்டும், கரைந்த ஆக்சிஜன் 2 மில்லிகிராமுக்குக் கீழே இறங்க வேண்டாம். ஆலை ஓடாததால் உணவும் இல்லை. கொஞ்சம் சாணமோ வெல்லமோ கரைத்து ஊற்றி உயிரோடு வையுங்கள்.

இனி அறிக்கையைப் பார்ப்போம். தோப்புக்கு விடும் தண்ணீருக்கு பிஓடி வரம்பு 100, டிடிஎஸ் 2,100. இரண்டிலும் மீறல். ஆனால் இரண்டும் ஒரே வியாதி இல்லை.

டிடிஎஸ்-ஐ உயிரியல் சுத்திகரிப்பு குறைக்காது. இந்தக் கரையில் போர் தண்ணீரே உப்பு. உள்ளே வரும் தண்ணீரும் வெளியே போகும் தண்ணீரும் ஒரே நாளில் எடுத்து அங்கீகாரம் பெற்ற ஆய்வகத்தில் பாருங்கள். போரிலேயே 5,000 இருந்தால் ஆலை சேர்த்தது எவ்வளவு என்பது தெரியும். வாதத்துக்கு அது உதவும், விடுதலை தராது, ஏனென்றால் இசைவாணை நிபந்தனை வெளியேறும் நீருக்குத்தான். தென்னை குடிக்கும் தண்ணீரில் 6,400 என்பது தோப்புக்கும் கேடு. நல்ல தண்ணீர் கலந்து இறக்குவது யோசனையே கூடாது, அது நீர்த்தல், தனிக் குற்றம்.

சிஓடி (கழிவை வேதிப்பொருளால் சிதைக்கத் தேவைப்படும் ஆக்சிஜன்) அளவையும் சந்தேகமாகப் பாருங்கள். கடல் தண்ணீரில் கழுவிய மீனும் உப்புப் போட்ட ஐஸும் வந்தால் குளோரைடு ஏறும். சிஓடி பார்க்கும் டைக்ரோமேட் முறையில் குளோரைடு லிட்டருக்கு 2,000 மில்லிகிராம் தாண்டினால் முடிவு உண்மையைவிடக் கூடுதலாக வரும். குளோரைடு அளவு அறிக்கையில் இருக்கிறதா? இல்லையென்றால் கேளுங்கள். பிஓடி-க்கு இது பொருந்தாது. அது 27 டிகிரியில் மூன்று நாள் சோதனை, மாதிரியை 4 டிகிரிக் குளிரில் கொண்டுபோனார்களா, எடுத்த மணி என்ன, ஆய்வகத்தில் சேர்ந்த மணி என்ன என்பதுதான் கேள்வி.

பிஓடி 180 ஏன் வந்தது என்பதற்குப் பெரும்பாலும் ஒரே பதில்: ஸ்டிக் வாட்டர். வேகவைத்த மீனைப் பிழிந்து, டிகாண்டரில் திடப்பொருளை எடுத்து, எண்ணெயைப் பிரித்த பிறகு மிஞ்சும் சாறு. மீனில் 70 சதவீதத்துக்கு மேல் தண்ணீர், ஆகவே 20 டன்னுக்கு லாரிக் கணக்கில் வரும். அதன் பிஓடி பல ஆயிரம், சில சமயம் பத்தாயிரங்களில். எவாப்பரேட்டரில் கெட்டியாக்கி மாவிலேயே திரும்பச் சேர்க்க வேண்டும். எவாப்பரேட்டர் பழுது என்று அதைச் சுத்திகரிப்பு நிலையத்துக்குத் திருப்பினால் எந்த நிலையமும் தாங்காது. நீராவிச் செலவை மிச்சம் பிடிக்கப் பலர் செய்வது இதுதான். இன்னொன்று, ராமேஸ்வரம், மண்டபம் விசைப்படகு வாரத்தில் மூன்று நாள்தான் தொழிலுக்குப் போகிறது. மீன் வரும் நாளில் வெள்ளம், மற்ற நாளில் வறட்சி. சமன் தொட்டி ஒரு நாள் கொள்ளளவுக்கு இருந்தால் போதாது, இரண்டு நாளுக்காவது வேண்டும். மீன் கொட்டும் குழியின் ரத்தத் தண்ணீரும் நேராக ஏரேஷனுக்குப் போகாமல் முதலில் எண்ணெய்ப் பொறிக்கும் சல்லடைக்கும் போகட்டும்.

நாற்றம்: ஒரே ஒரு ஸ்க்ரப்பர் (வாயுவைக் கழுவும் கருவி) வைத்து அதில் காஸ்டிக் சோடா ஊற்றிக்கொண்டு "கட்டுப்பாடு இருக்கிறது" என்பார்கள். மீன் வாடைக்கு முக்கியக் காரணம் டிரைமெத்தில் அமீன், அது காரம். காரத்தைக் காரம் பிடிக்காது. முதல் கட்டம் கந்தக அமிலம், பிஎச் அமிலப் பக்கம். இரண்டாவது கட்டம் காஸ்டிக்கும் ஹைப்போகுளோரைட்டும், அங்கேதான் ஹைட்ரஜன் சல்பைடு பிடிபடும். அதற்கும் முன்னால் குக்கர், டிரையர் ஆவியைக் கண்டென்சரில் குளிர்வித்து, குளிராத வாயுவைப் பாய்லர் அடுப்பில் விட்டு எரிக்க வேண்டும். வடிவமைப்பு படத்தைக் கையில் வைத்துக்கொண்டு, என்ன மாற்றம் என்று எழுதி மேல்முறையீட்டோடு இணைத்தால் ஆணையம் கேட்கும். சும்மா "நடவடிக்கை எடுத்துள்ளோம்" என்றால் கேட்காது.

உப்பளம்

மாதிரி எடுத்த முறையையும் பாருங்கள். நீர்ச் சட்டம் 21ஆவது பிரிவு: எடுப்பவர் நோட்டீஸ் தர வேண்டும், மாதிரியை இரண்டாகப் பிரித்து, முத்திரை வைத்து, இரு தரப்பும் கையெழுத்திட வேண்டும். ஒரு பாகம் வாரிய ஆய்வகம், கேட்டால் இன்னொரு பாகம் மாநில ஆய்வகம். பிரிக்கச் சொல்லி நீங்கள் கேட்கவே இல்லையென்றால் ஒரே பாகத்தை எடுத்துப் போகலாம். ஆகவே அன்றைக்கு ஆலையில் நின்றவர் எதில் கையெழுத்திட்டார் என்று பாருங்கள்.

ஆனால் இதை அளவுக்கு மீறி நம்பாதீர்கள். வழக்கில் சாட்சியமாக நிற்குமா என்ற கேள்விக்கு 21 வலுவான ஆயுதம். இசைவாணை மேல்முறையீட்டில் அது துணை வாதம்தான், ஏனென்றால் ஒரே ஒரு மாதிரியை வைத்து ரத்து செய்வது அரிது. பழைய ஆய்வுக் குறிப்புகள் பின்னால் இருக்கும். அவற்றின் நகலைத் தகவல் உரிமைச் சட்டத்தில் இப்போதே கேளுங்கள், பதிலுக்கு 30 நாள் ஆகலாம், உங்கள் கெடுவும் 30 நாள். அதனால் மேல்முறையீட்டை முதலில் போட்டுவிட்டு, ஆவணம் வந்ததும் கூடுதல் தொகுப்பாகத் தாக்கல் செய்யுங்கள்.

கடலோர ஒழுங்குமுறை விஷயம் மட்டும் தனிப் பாதை. உயர் ஓதக் கோட்டிலிருந்து (கடல் நீர் ஏறும் உச்ச எல்லை) 500 மீட்டர் என்பது அடிப்படை, ஓடை, உப்பங்கழி ஓரத்துக்கு வேறு அளவு. 2011 அறிவிக்கைக்கும் 2019 அறிவிக்கைக்கும் வேறுபாடு உண்டு. எந்த அறிவிக்கையின் எந்த வரைபடத்தை வைத்துச் சொல்கிறார்கள் என்று உத்தரவில் இருக்க வேண்டும். இல்லையென்றால் அதுவே ஒரு குறை. அங்கீகரிக்கப்பட்ட நிறுவனம் மூலம், உதாரணத்துக்கு அண்ணா பல்கலைக்கழகத் தொலையுணர்வு நிறுவனம், 1:4000 அளவில் சர்வே எண்ணைக் கோட்டின்மேல் போட்டு வாங்குங்கள். கட்டடம் முதல் கடலோர அறிவிக்கை வந்த 1991 பிப்ரவரி 19க்கு முந்தையதா என்பதற்கும் வரி ரசீது, மின் இணைப்புத் தேதி தேடுங்கள். நீர்ச் சட்டத்தின் கீழ் போட்ட உத்தரவில் கடலோர மீறலைக் காரணமாகச் சேர்க்க முடியுமா என்று வாதாடலாம். ஆனால் ஆலை கட்டும் முன் வாங்கிய நிறுவ இசைவாணையில் "கடலோர அனுமதி பெற வேண்டும்" என்ற நிபந்தனை இருந்தால் அந்த வாதம் அங்கேயே விழுந்துவிடும். முதலில் பழைய தாளை எடுத்துப் படியுங்கள்.

மன்னார் வளைகுடா என்ற பெயரும் வாதத்தில் வந்தே தீரும். 1986இல் கடல்சார் தேசியப் பூங்கா, 1989இல் உயிர்க்கோளக் காப்பகம், 21 தீவுகள். பசுமைத் தீர்ப்பாயச் சட்டம் 20ஆவது பிரிவு முன்னெச்சரிக்கைக் கோட்பாட்டைக் கட்டாயமாக்குகிறது, 1996இல் உச்ச நீதிமன்றத்தின் வேலூர் தீர்ப்பு நிரூபிக்கும் சுமையைத் தொழில் நடத்துபவர் தலையில் வைத்தது. "மாசு என்று அவர்கள் நிரூபிக்கட்டும்" என்று உட்கார முடியாது.

பாசிப்பட்டினம்

மூன்றாவது தாளைப் பற்றி யாரும் பேசவில்லையே. இழப்பீட்டுக் கணக்கு மத்திய வாரியச் சூத்திரம்: மாசுக் குறியீடு × நாட்கள் × ரூபாய்க் காரணி × அளவுக் காரணி × இடக் காரணி. மாசுக் குறியீடு, மாசு அதிகமான சிவப்பு வகைத் தொழிலுக்கு 80, ஆரஞ்சு 50, பச்சை 30. ரூபாய்க் காரணி வழக்கமாக 250, சிறு தொழிலுக்கு அளவுக் காரணி 0.5, பத்து லட்சத்துக்குக் குறைவான மக்கள் உள்ள இடத்துக்கு இடக் காரணி 1. ஆரஞ்சு என்றால் 50 × 250 × 0.5 × 1 = நாளைக்கு 6,250 ரூபாய். சிவப்பு என்றால் 10,000. நாளைக்கு 5,000க்குக் குறையக்கூடாது என்பது விதி. உங்கள் ஆலையை எந்த வகையில் போட்டிருக்கிறார்கள், இசைவாணையில் உள்ள வகையும் அதுவும் ஒன்றா என்று முதலில் பாருங்கள்.

சண்டை நாட்களில்தான். மீறல் கண்ட நாள் முதல் சரிசெய்தது உறுதியான நாள் வரை எண்ணுவார்கள். கிழக்குக் கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுத் தடைக்காலம். அந்த நாட்களில் ஆலை ஓடவில்லை என்றால் கொள்முதல் பதிவேடு, பாய்லர் விறகுக் கணக்கு, உயர் அழுத்த மின் ரசீது மூன்றையும் சேர்த்து வையுங்கள். வெறும் மின் ரசீது போதாது, கிடங்கு ஓடியதால் யூனிட் ஏறியிருக்கும். தனி மீட்டர் இருந்தால் வேலை சுலபம். சரிசெய்த அன்றே "வந்து பாருங்கள்" என்று எழுத்தில் கொடுத்து ஒப்புதல் வாங்குங்கள். கொடுக்காத நாளெல்லாம் கணக்கில் ஏறும்.

வாரியமே இழப்பீடு போடலாமா என்ற கேள்விக்கு 2025 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் பதில் சொல்லிவிட்டது: 33ஏ, 31ஏ பிரிவுகளின் கீழ் போடலாம், ஆனால் அதற்கான நடைமுறை விதி வகுத்த பிறகு. உங்கள் தாள் எந்த விதியைக் குறிப்பிடுகிறது என்பதை வக்கீலிடம் காட்டுங்கள்.

கடற்கரைத் தெரு

ஊர்ப் பக்கத்திலிருந்து ஒரு கேள்வி. இப்படி மேல்முறையீடு நடக்கும்போது நாற்றத்தில் இருக்கிற ஊர்க்காரர்களைச் சேர்த்துக்கொள்வார்களா? ஆணையம் தடை கொடுத்துவிட்டால் எங்களுக்கு வழியே இல்லையா?

மேலமடை வக்கீல்

இருக்கிறது. தரப்பினராகச் சேர மனு போடலாம். புகார் மனு நகல், தேதி, காற்றடித்த திசை, ஆலை ஓடிய நேரம் இவற்றை ஒரு நோட்டில் தினமும் எழுதி வைத்தவர்கள் சொல்வது எடுபடும். "எப்போதும் நாறுகிறது" என்றால் எடுபடாது. தடை வந்தாலும் தீர்ப்பாயத்தில் 14, 15 பிரிவுகளில் தனி மனு போடலாம்: முதலாவதுக்கு ஆறு மாதம், இழப்பீட்டுக்கு ஐந்து வருடம். பொதுத் தொல்லைக்குச் சார் ஆட்சியரிடம் நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா 152, அதாவது பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டம் 133, வழியும் திறந்தே இருக்கிறது. இசைவாணை கையில் இருப்பது அதற்குக் கேடயமாகாது. கிராம சபைத் தீர்மானம் மட்டும் இசைவாணையை ரத்து செய்யாது, ஆனால் சாட்சியமாக உதவும்.

கச்சான்காத்து தம்பி, ஆலைக்காரரிடம் இதையும் சொல்லுங்கள்: ஊர்க்காரர்கள் சேர்வார்கள் என்று வைத்துக்கொண்டே மனுவை எழுத வேண்டும்.

கச்சான்காத்து

நன்றி. இணைக்க வேண்டிய தாள்கள்?

ஈடிபி ஆபரேட்டர்

பழைய இசைவாணைகள் எல்லாம், கட்டணம் கட்டிய ரசீது, ஃப்ளோ மீட்டர் பதிவேடு, சுத்திகரிப்பு நிலைய மின் மீட்டர் பதிவு, கடைசி ஒரு வருட ஆய்வக அறிக்கை, எவாப்பரேட்டர் பழுது பார்த்த பில், ஒவ்வொரு செப்டம்பர் 30க்குள் தாக்கல் செய்ய வேண்டிய சுற்றுச்சூழல் அறிக்கை. கடைசியாகச் சொன்னதைத்தான் பலர் தாக்கல் செய்யாமல் விட்டிருப்பார்கள். ஃப்ளோ மீட்டர் கணக்கும் மீன் கொள்முதல் கணக்கும் ஒத்துப்போகிறதா என்று நீங்களே முதலில் கூட்டிப் பாருங்கள். எதிர்த்தரப்பு முதலில் கூட்டிப் பார்ப்பது அதைத்தான்.

உப்பளம்

பசுமைத் தீர்ப்பாயத்துக்குப் போகும் 33ஏ மேல்முறையீட்டில் இழப்பீடு கேட்காத மனுவுக்குக் கட்டணம் 1,000 ரூபாய்தான். ஆனால் அங்கே ஆங்கிலத்தில் நடக்கும். தமிழில் உள்ள பதிவேடு, பஞ்சாயத்துக் கடிதம், விளக்க நோட்டீஸுக்குக் கொடுத்த பதில் எல்லாவற்றுக்கும் மொழிபெயர்ப்பு வேண்டும். அதற்கே ஒரு வாரம் போகும், கெடுவில் அந்த வாரத்தைக் கழித்துவிட்டுத் தேதியைக் குறியுங்கள்.